பரங்கிமலையில இருந்து திருமலை வரைக்கும்: ஒரு மலைச்சுவரை நிதானமா படிக்க முழுமையான வழிகாட்டி

சென்னையில இருந்து திருப்பதிக்கு ஒரு தடவை கூட போகாத குடும்பம் ரொம்ப கம்மி. நானே சின்ன வயசுல இருந்து எத்தனை தடவை போயிருப்பேன்னு கணக்கே இல்ல, ஆனா ரேணிகுண்டா தாண்டினதும் வடக்குப் பக்கமா ஒரு கோட்டைச் சுவர் மாதிரி நீளமா நிக்குதே, அது ஏன் அப்படி நிக்குதுன்னு முப்பது வயசு வரைக்கும் நான் யோசிச்சதே கிடையாது. மத்த மலையெல்லாம் கூம்பா, இல்ல உருண்டையா இருக்கும்போது இது மட்டும் மேல தட்டையா, முகத்துல செங்குத்தா, யாரோ கத்தி வெச்சு அறுத்த மாதிரி இருக்கே. புக்ல இதுக்கு எஸ்கார்ப்மென்ட்னு போடுவாங்க, நான் இங்க மலைச்சுவர்னே சொல்றேன், அதுதான் வாய்க்கு வருது.

இந்த வழிகாட்டி ரெண்டு வீக்கெண்டுக்கானது. முதல் நாள் சென்னைக்குள்ளயே, ரெண்டாவது நாள் ட்ரெயின்ல திருப்பதி, மூணாவது நாள் பூண்டி. மூணாவதை விட்டுட்டா பாதிக் கதைதான் கிடைக்கும், தயவுசெஞ்சு விடாதீங்க. ஜியாலஜி படிச்சிருக்கணும்னு அவசியமே இல்ல. பார்க்கப் பொறுமை இருந்தா போதும்.

கையில என்ன வேணும்

பத்து மடங்கு பெருசா காட்டுற ஒரு லென்ஸ் (நகைக்கடைக்காரங்க கண்ணுல வெச்சுப் பார்ப்பாங்களே, அதேதான்), ஒரு பைனாகுலர் இருந்தா நல்லது, ரெண்டு லிட்டர் தண்ணி, தொப்பி, ஒரு நோட்டு, பென்சில். சுத்தியல் வேண்டவே வேண்டாம். போற இடம் பாதி ரிசர்வ் காடு, பாதி கோவில் இடம், அதுல மூணு தேசிய நிலவியல் சின்னம் வேற, அங்க கல்லை உடைக்கிறது தப்பு, சட்டப்படியும் தப்பு. ரோட்டோரம் ஏற்கனவே உடைஞ்சு கிடக்கிறது போதும், அதுலயே எல்லாம் தெரியும்.

போறதுக்கு நல்ல நேரம் டிசம்பர் பாதியில இருந்து பிப்ரவரி வரைக்கும். வடகிழக்குப் பருவமழை ஓய்ஞ்சு காத்து கழுவி விட்ட மாதிரி இருக்கும், அருவியிலயும் தண்ணி இருக்கும். ஏப்ரல், மே வேண்டாம், பாறை அடுப்பு மாதிரி கொதிக்கும்.

படி 1: முதல்ல நம்ம ஊர் கல்லைப் பழகிக்கோங்க

பரங்கிமலை, திருசூலம், பல்லாவரம், அப்படியே வண்டலூர் வரைக்கும் அங்கங்க தலை தூக்குற குன்றுகள் எல்லாமே சார்னோக்கைட்ங்கற பாறை. இந்தப் பேருக்குப் பின்னாடி ஒரு கதை இருக்கு. கல்கத்தாவுல ஆங்கிலேயர் குடியிருப்பை ஆரம்பிச்ச ஜாப் சார்னாக்கோட கல்லறைக் கல் இங்க இருந்து போனது, அந்தக் கல்லை ஆராய்ஞ்ச தாமஸ் ஹாலண்ட் 1893-ல அவர் பேரையே பாறைக்கு வெச்சுட்டாரு. இன்னைக்கு அன்டார்டிகாவுல இதே பாறை கிடைச்சாலும் அந்தப் பேர்தான், ஆனா முதல்ல ஆராய்ஞ்ச கல் நம்ம பல்லாவரம் பக்கத்துக் கல். பரங்கிமலையில இருக்கிற இந்தப் பாறையை ஜியாலஜிக்கல் சர்வே தேசிய நிலவியல் சின்னமா அறிவிச்சிருக்கு, தினமும் மெட்ரோவுல அதைத் தாண்டிப் போறோம்.

திருசூலம் பக்கம் ரோட்டோரம் உடைஞ்சு கிடக்கிற ஒரு துண்டை எடுத்து வெயில்ல திருப்பிப் பாருங்க. வெளித்தோல் துருப்பிடிச்ச பழுப்பு நிறத்துல இருக்கும், உடைஞ்ச முகம் அப்படியே வேற, கரும்பச்சையும் சாம்பலும் கலந்து லேசா எண்ணெய் தடவின மாதிரி பளபளக்கும். லென்ஸ் வெச்சா பரல் பரலா ஒண்ணோட ஒண்ணு கோர்த்துக்கிட்டு இருக்கிறது தெரியும், கோடு கிடையாது, அடுக்கு கிடையாது. பூமிக்குள்ள 20 கிலோமீட்டருக்கும் கீழ, 700 டிகிரிக்கு மேல சூட்டுல வெந்து உருவான கல் இது, வயசு சுமார் 250 கோடி வருஷம். இதுல அடுக்கு இல்லைங்கறதை மட்டும் நோட்டுல எழுதி வெச்சுக்கோங்க, பின்னாடி ரொம்ப உதவும்.

அடுக்கு இல்லாத கல் எப்படி தேயும்? வெங்காயம் மாதிரி தோல் தோலா உரியும். மூலைகள் மூணு பக்கத்துல இருந்தும் தேயறதால முதல்ல மூலை போயிடும், கடைசியில உருண்டை. அதனாலதான் பரங்கிமலை உருண்டையா இருக்கு, மகாபலிபுரத்து கிரானைட்டும் உருண்டை, செஞ்சியும் உருண்டை உருண்டையா அடுக்கி வெச்ச மாதிரி இருக்கு. இந்த வகைக் கல் தானா தேய்ஞ்சு நீளமான தட்டைத் தலை மலைச்சுவர் ஆகறது அபூர்வம்.

படி 2: நன்மங்கலத்துல ஒரு சின்ன சுவர்

மேடவாக்கம் பக்கம் நன்மங்கலம் ரிசர்வ் காடு இருக்கே, அங்க பழைய கல் குவாரி உண்டு. மனுஷன் வெட்டின செங்குத்துப் பாறை, இயற்கை இல்ல. ஆனா உயிரினங்களுக்கு அந்தக் கணக்கெல்லாம் தெரியாது, செங்குத்தா இருக்கா, ஏற முடியாத திட்டு இருக்கா, அவ்ளோதான் அதுங்க பார்க்கும். கொம்பன் ஆந்தை அந்தக் குவாரித் திட்டுலதான் முட்டை வைக்கும். கூடு கட்டாது, வெறும் பாறைத் திட்டு மேலயே. நரியோ பூனையோ ஏற முடியாத உயரம்தான் அதுக்கு வேலி.

வனத்துறைகிட்ட அனுமதி கேட்டுட்டுப் போங்க, காலையில சீக்கிரம் போங்க, ஆந்தை இருந்தா தூரமா நின்னு பைனாகுலர்ல மட்டும் பாருங்க. குவாரித் தண்ணியில யாரும் இறங்காதீங்க. சென்னையைச் சுத்தி இருக்கிற இந்தக் கல் குட்டைகள்ல எத்தனை பசங்க மூழ்கி உயிரை விட்டிருக்காங்கன்னு பேப்பர் படிக்கிற எல்லாருக்கும் தெரியும், ஓரத்துலயே நாலு ஆள் ஆழம் இருக்கும், பிடிச்சு ஏற ஒரு படி இருக்காது. (இதே மாதிரி குவாரிகள்ல சிக்கராயபுரத்துத் தண்ணியைத்தான் 2019 வறட்சியில சுத்தம் பண்ணி நமக்குக் குடிக்கக் குடுத்தாங்க, அதையும் மறக்கக் கூடாது.)

படி 3: ட்ரெயின் ஜன்னல்

காலையில சென்ட்ரல்ல இருந்து திருப்பதி போற ட்ரெயின் ஏதாவது ஒண்ணு பிடிங்க, பகல் ட்ரெயினா இருக்கணும், ஜன்னல் சீட்டா இருக்கணும், ஏசி பெட்டி வேண்டாம், அந்தக் கண்ணாடியில ஒண்ணும் சரியா தெரியாது. அரக்கோணம் வரைக்கும் தூங்கலாம். திருத்தணி வந்ததும் எழுந்துடுங்க. திருத்தணியில பார்க்கிற மலைகள் இன்னும் உருண்டைக் கல் மலைகள்தான். அதுக்கப்புறம் ஏகாம்பரகுப்பம், புத்தூர்னு போகப் போக மலையோட உருவமே மாற ஆரம்பிக்கும், ரெண்டு பக்கமும் மாறி மாறிப் பாருங்க, ஒரே பக்கமா உட்கார்ந்துடாதீங்க.

நகரி மலையோட தலை திடீர்னு மூக்கு மாதிரி நீட்டிக்கிட்டு இருக்கும். அந்தக் காலத்துல மெட்ராஸுக்கு வர்ற கப்பல்காரங்க கடல்ல இருந்தே அதை அடையாளம் பார்த்து வந்திருக்காங்க, வெள்ளைக்காரங்க மேப்ல நகரி மூக்குன்னே பேர். போன ஜனவரியில நான் போனப்போ எதிர் சீட்டுல ஒரு அம்மா, மொட்டை போட பேரனைக் கூட்டிட்டு வந்திருந்தாங்க, நான் நோட்டுல கிறுக்கறதைப் பார்த்துட்டு, "என்ன தம்பி எழுதற, மலையைப் படமா வரையற?"ன்னாங்க. "ஆமாம்மா, மேல பாதி ஒரு மாதிரியும் கீழ பாதி ஒரு மாதிரியும் இருக்கு பாருங்க"ன்னேன். கொஞ்ச நேரம் உத்துப் பார்த்துட்டு, "ஆமாப்பா, பானை மேல தட்டு கவுத்து வெச்ச மாதிரி இருக்கு"ன்னாங்க. இதைவிட தெளிவா எந்த ப்ரொஃபஸரும் சொல்ல முடியாதுன்னு நான் நெனைக்கிறேன்.

அந்தப் பானையும் தட்டும்தான் நீங்க ஜன்னல்ல தேட வேண்டியது. மலையை கீழ இருந்து மேல பாருங்க. கீழ சாய்வா, புதரும் உருண்டைக் கல்லுமா ஏறும். ஒரு உயரத்துல சட்டுனு சாய்வு உடையும், அங்க இருந்து நேரா செங்குத்து. அந்த உடையற இடத்துல பென்சிலால ஒரு கோடு போடுங்க. அடுத்த மலையிலயும் போடுங்க, அதுக்கடுத்ததுலயும். பத்து மலை வரைஞ்சா ஒரு விஷயம் தானா தெரியும், அந்தக் கோடுகள் ஒண்ணோட ஒண்ணு சேருது, அதாவது இதெல்லாம் ஒரு காலத்துல ஒரே போர்வையா இருந்து, நடுவுல மழையும் ஆறும் அரிச்சுக் கொண்டுபோனதுல துண்டு துண்டா மிஞ்சினது.

ரேணிகுண்டாவுல இருந்து திருப்பதி போகும்போது வலது பக்கம். அங்கதான் பெரிய சுவர் முழுசா எழுந்து நிக்கும்.

படி 4: அந்தக் கோட்டுக்குப் பக்கத்துல போறது

இதுதான் இந்த வழிகாட்டியோட உயிர். இங்க அவசரப்படாதீங்க.

திருப்பதி ஊர் சுமார் 160 மீட்டர் உயரத்துல, திருமலை 850 மீட்டர் சொச்சத்துல. அலிபிரியில இருந்து நடைபாதை சுமார் 9 கிலோமீட்டர், 3,550 படி. ஸ்ரீவாரி மெட்டு வழி சின்னது, 2 கிலோமீட்டர் சொச்சம், 2,388 படி, ஆனா மூச்சு வாங்கும். பஸ்ல போனா காட் ரோட்டுல மலையை வெட்டின பக்கங்கள் பளிச்சுனு தெரியும், ஜன்னலோரம் உட்காருங்க. கார் ஓட்டறவர் ரோட்டை மட்டும் பார்க்கட்டும், காட் ரோட்டுல நினைச்ச இடத்துல நிறுத்தவும் கூடாது, விடவும் மாட்டாங்க.

ஏற ஏற முதல்ல பார்க்கிறது கிரானைட், அதோட கூட நைஸ்ங்கற கோடு போட்ட பழைய பாறை. நம்ம பரங்கிமலைக் கல்லுக்கு தூரத்துச் சொந்தம், அதே பழங்காலத்து ஆள், அடுக்கு கிடையாது, உருண்டையா தேயும். கொஞ்சம் மேல போனதும் அது முடிஞ்சு பக்காவா அடுக்கடுக்கா, செங்கல் கட்டின மாதிரி படுத்திருக்கிற இளஞ்சிவப்பும் வெள்ளையுமான பாறை ஆரம்பிக்கும். அது குவார்ட்சைட். ரெண்டும் தொடுற அந்த ஒரு கோட்டுக்குத்தான் எபார்க்கியன் அன்கன்ஃபார்மிட்டின்னு பேர், தேசிய நிலவியல் சின்னம்.

அந்தக் கோடு ஒரு இடைவெளி. கீழ இருக்கிற கல் பூமிக்குள்ள ஆழத்துல இறுகினது. அது மேல கிடந்த கிலோமீட்டர் கணக்கான பாறை முழுக்க அரிச்சுப் போய், அது வெளிய வந்து, வெயில்லயும் மழையிலயும் கிடந்து தட்டையாகி, அதுக்கப்புறம்தான் கடல் வந்து மணலைப் போட்டுது. இந்த நடுக்காலம் 80 கோடி வருஷம்னு பொதுவா கணக்கு சொல்றாங்க. டைனோசர் அழிஞ்சது வெறும் 6.6 கோடி வருஷத்துக்கு முன்னாடி. அந்த மாதிரி பன்னெண்டு தடவை போகிற காலத்துக்கு இங்க ஒரு பக்கம் கூட எழுதப்படல, எழுதியிருந்தாலும் கிழிஞ்சு போச்சு. கண்ணுக்கு அது வெறும் ஒரு கோடு. நான் முதல் தடவை அதைப் புரிஞ்சுக்கிட்டுப் பார்த்தப்போ பஸ் ரெண்டு வளைவு தாண்டினப்புறமும் கழுத்தைத் திருப்பிக்கிட்டே இருந்தேன்.

இப்போ சுவர் ஏன் சுவரா நிக்குதுங்கற கேள்விக்கு வருவோம். குவார்ட்சைட்னா என்ன, கடற்கரை மணல்தான். மணல் பரலுக்கு நடுவுல சிலிக்காவே (மணலோட அதே பொருள்தான்) பசையா புகுந்து, அழுத்தத்துலயும் சூட்டுலயும் பரலும் பசையும் ஒண்ணாகிப் போச்சு. கீழ கிடக்கிற ஒரு சின்ன கூழாங்கல்லை எடுத்து பழைய கண்ணாடி பாட்டில் துண்டு மேல கீறிப் பாருங்க, கண்ணாடியில கோடு விழும். மழைத்தண்ணியில கரையறதுக்கு இதுல ஒண்ணுமே இல்ல. ஆனா கிரானைட்ல ஃபெல்ஸ்பார்னு ஒரு கனிமம் இருக்கு, அது மழைத்தண்ணி பட்டுப் பட்டு மெதுவா களிமண்ணா மாறிடும், அதோட கல் பொலபொலன்னு உதிரும்.

அப்போ கீழ இளகுது, மேல கெட்டியா நிக்குது. கீழ இருக்கிறது உள்வாங்க உள்வாங்க மேல இருக்கிற தட்டு ஓரத்துல தாங்க ஆள் இல்லாம தொங்கும். குவார்ட்சைட்ல நேர் செங்குத்தா விரிசல்கள் உண்டு, ஒரு நாள் நல்ல மழையில அந்த விரிசலோட சேர்த்து ஒரு துண்டு அப்படியே கழண்டு விழும். விழுந்த இடத்துல புது செங்குத்து முகம். மறுபடி கீழ இளகும், மறுபடி விழும். இப்படி சுவர் செங்குத்து குறையாமலே பின்னாடி பின்னாடி நகர்ந்து போகுது. வயசானாலும் உருண்டை ஆகாததோட காரணம் இதுதான். 2021 டிசம்பர் 1-ம் தேதி மேல ஏறுற காட் ரோட்டுல பெரிய பெரிய பாறை விழுந்து ரோடே உடைஞ்சுதே, ஞாபகம் இருக்கா? அதுக்கு முந்தின நவம்பர் முழுக்க பேய்மழை. எல்லாரும் அதை விபத்துன்னு பேசினாங்க, விழுந்தப்போ யாரும் சிக்காதது பெரிய புண்ணியம்தான், ஆனா அந்த மலை கோடிக்கணக்கான வருஷமா இப்படித்தான் நகர்ந்துக்கிட்டு இருக்கு. அதனால கனமழை நாள்ல சுவர் அடியில நிக்காதீங்க, கீழ புதுசா உடைஞ்ச வெளிர் நிறக் கல் குவிஞ்சிருந்தா அந்த இடத்துல உட்கார்ந்து சாப்பிடாதீங்க.

இந்த ஒரு மலை மட்டும் இல்ல. திருமலை, சேஷாசலம், பாலகொண்டா, நல்லமலைன்னு வடக்கே பிறை மாதிரி வளைஞ்சு போற கடப்பா படுகைங்கற பெரிய பாறைத் தொட்டியோட தெற்கு விளிம்புதான் நாம பார்க்கிறது. தொட்டி மொத்தம் 400 கிலோமீட்டருக்கு மேல நீளம். நகரி, நாகலாபுரம் எல்லாம் அந்த விளிம்புல இருந்து பிரிஞ்சு தெற்கே நிக்கிற துண்டுகள்.

படி 5: பழைய கடற்கரை

மேல திருமலை போனதும் தரிசனம் முடிச்சுட்டு சிலாதோரணம் போங்க, கோவில்ல இருந்து ஒரு கிலோமீட்டர் தான். பாறையே வளைவா நிக்கும், சுமார் 8 மீட்டர் அகலம், 3 மீட்டர் உயரம். கெட்டி அடுக்கு மேல நிக்க, அடியில பலவீனமான பகுதி காத்துலயும் தண்ணியிலயும் தேய்ஞ்சு ஓட்டையாகிப் போனது. படி 4-ல பெருசா பார்த்த வேலையோட சின்ன உருவம் அது.

எல்லாரும் வளைவை போட்டோ எடுத்துட்டு கிளம்பிடுவாங்க. நீங்க சுத்தி இருக்கிற பாறை முகங்களையும் அடுக்குகளையும் பாருங்க. பெரிய அடுக்குக்குள்ளயே சின்னச் சின்ன கோடுகள் சாய்வா ஓடினா அது தண்ணி எந்தப் பக்கம் மணலைத் தள்ளிச்சுன்னு சொல்ற கோடு. இந்த மலைத்தொடர் குவார்ட்சைட்ல சில தட்டுகள் மேல அலை வரி கூட கிடைக்கும், சின்னச் சின்ன மேடு பள்ளமா, வரிசையா. பெசன்ட் நகர்ல உடைஞ்ச பாலத்துக்குக் கீழ, அடையாறு கடல்ல சேருற இடத்துல முழங்கால் தண்ணியில மணல் வரி வரியா இருக்குமே, காலை வெச்சா உள்ளங்கால்ல உறுத்துமே, அதே வரி. ஒரு நண்டு கூட இல்லாத, ஒரு புல் கூட இல்லாத காலத்துக் கடற்கரையில விழுந்த வரி, இன்னைக்கு 800 மீட்டர் உயரத்துல கல்லா கிடக்கு.

படி 6: தண்ணி எங்க இருந்து வருதுன்னு பாருங்க

குவார்ட்சைட் கெட்டிதான், ஆனா விரிசல் நிறைய. மேல தட்டையா இருக்கிறதால பெய்யற மழையில ஒரு பங்கு ஓடாம விரிசலுக்குள்ள இறங்கிடும். இறங்கி இறங்கி விரிசல் கம்மியான கல்லோ களிமண்ணான பழைய மேற்பரப்போ வந்ததும் கீழ போக வழி இல்லாம பக்கவாட்டுல வெளிய வரும். அதனால மழை நின்னு ரெண்டு மாசம் ஆனப்புறமும் மலைச்சுவர் அடியில ஊத்து கசிஞ்சுக்கிட்டு இருக்கிறதைப் பார்க்கலாம். மலையோட அடியில கபில தீர்த்தம், உள்ள போனா 82 மீட்டர் விழுற தலகோனா, நகரிப் பக்கம் கைலாசகோனா, சதாசிவகோனான்னு எங்கெல்லாம் அருவியோ ஊத்தோ உண்டோ அங்கெல்லாம் ஒரு கோவில் இருக்கிறதை கவனிங்க. நம்ம முன்னோர்கள் மலையை நல்லா கவனிச்சிருக்காங்க.

இந்தத் தண்ணி நமக்கும் வருது. நகரி மலைப் பக்கத்துல இருந்து வர்ற நகரி ஆறு கொசஸ்தலையாத்தோட பூண்டி ஏரியில சேருது. ஆரணியாறும் அந்த மலைப் பக்கம் பிறந்து ஊத்துக்கோட்டை, பெரியபாளையம் வழியா பழவேற்காடு பக்கம் போகுது.

படி 7: சுவரை நம்பி வாழறவங்க

இதுக்கு ஒரு சுலபமான வழி சொல்றேன். சுவரை நாலு பாகமா பிரிச்சுக்கோங்க: மேல் தட்டு, செங்குத்து முகம், அடியில விழுந்து கிடக்கிற கல் குவியல், நிழலான ஓடை இடுக்கு. ஒவ்வொண்ணுலயும் பத்து நிமிஷம் சும்மா உட்காருங்க.

மேல் தட்டுலயும் சரிவுலயும் மண்ணு ரொம்ப மெலிசு, சத்தே கிடையாது, தண்ணி நிக்காது. மத்த மரம் திணறுற அந்த ஏழை மண்ணுலதான் செம்மரம் நிதானமா வளருது. உலகத்துல வேற எங்கயும் இயற்கையா கிடையாது, கிழக்குத் தொடர்ச்சி மலையோட இந்தத் தெற்குப் பகுதியில மட்டும்தான். பட்டையைப் பாருங்க, முதலைத் தோல் மாதிரி கட்டம் கட்டமா வெடிச்சிருக்கும். மெதுவா வளர்றதாலதான் உள்கட்டை அவ்ளோ கனம், அந்தக் கனத்துக்குத்தான் அவ்ளோ விலை, அந்த விலைக்குத்தான் 2015 ஏப்ரல்ல இந்தக் காட்டுல நம்ம தமிழ்நாட்டு மலைக்கிராமத்துக் கூலிக்காரங்க 20 பேர் போலீஸ் துப்பாக்கியில செத்தாங்க. செம்மரத்தைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு அது ஞாபகம் வரும், மரத்தைப் பத்தி எழுதிட்டு அதை எழுதாம விட மனசு வரல.

அதே சரிவுல குட்டை ஈச்ச மரம் மாதிரி ஒண்ணு தெரிஞ்சா கிட்டப் போய்ப் பாருங்க. ஈச்சை இல்ல, சைக்கஸ் பெட்டோமி. பூக்காது, ஆண் செடியில கூம்பு மட்டும் வரும். அந்தக் கூம்பை நாட்டு மருந்துன்னு வெட்டி வித்து வித்தே செடி குறைஞ்சு போச்சு. யாராவது வித்தா வாங்காதீங்க, உலக அளவுல வியாபாரத்துக்கே தடை போட்ட செடி அது.

செங்குத்து முகத்துல மலைத்தேனீ அடை தொங்கும், கல்லால், இச்சி வகை மரங்கள் விரிசலுக்குள்ள வேர் விட்டு வெள்ளைக் கயிறு மாதிரி இறங்கியிருக்கும். அந்த வேர் தடிமனாக ஆக விரிசலும் அகலமாகும், அடுத்து விழப்போற துண்டை முடிவு பண்றதுல அதுக்கும் ஒரு பங்கு உண்டு.

கல் குவியல்தான் மஞ்சள்தொண்டைச் சின்னானோட இடம். நம்ம வீட்டு முருங்கை மரத்துல கத்துற கொண்டைச் சின்னானோட உறவுதான், ஆனா இது தென்னிந்தியாவோட கல் மலைகளை விட்டு வேற எங்கயும் வாழாது. தலையும் தொண்டையும் மஞ்சள், உடம்பு சாம்பல். காலையில ஏழு மணிக்கு முன்னாடி பழம் இருக்கிற புதர்கிட்ட உட்கார்ந்தா கிடைக்கும், அதுக்கப்புறம் கஷ்டம்.

கடைசியா ஓடை இடுக்கு. காஞ்சிபுரம் வரதராஜர் கோவில்ல தங்கப் பல்லியைத் தொட்டுக் கும்பிட்டிருப்பீங்க. நிஜமாவே ஒரு தங்கப் பல்லி இருக்கு, அது இங்கதான். பெரிய பாறைகளுக்கு நடுவுல ஈரமும் நிழலுமான பொந்துல வாழும். சாதாரணமா பழுப்பா கல்லோட கல்லா இருக்கும், இனப்பெருக்கக் காலத்துல ஆண் பல்லி மஞ்சளா தங்கம் மாதிரி மின்னும். நான் பல்லியைப் பார்த்ததை விட அதோட முட்டைகளைப் பார்த்ததுதான் மறக்க முடியாதது: தலைக்கு மேல தொங்குற பாறையோட அடிப்பக்கத்துல, சுண்ணாம்பு உருண்டையை ஒட்டி வெச்ச மாதிரி வரிசையா, பக்கத்துலயே பொரிஞ்சு போன பழைய முட்டைகளோட வட்டத் தழும்பு. பல பல்லிகள் சேர்ந்து ஒரே பாறையில முட்டை ஒட்டும். அந்த மாதிரி பாறை பார்த்தா டார்ச் அடிக்காம, கை வைக்காம விலகிடுங்க.

இந்தக் காடு 1989-ல இருந்து தேசியப் பூங்கா, 2010-ல சேஷாசலம் உயிர்க்கோளக் காப்பகம் ஆச்சு. படிப்பாதையை விட்டு காட்டுக்குள்ள போக வனத்துறை அனுமதி வேணும். நடைபாதையிலயே கூட சிறுத்தை வரும், 2023-ல ஒரு குழந்தையை இழந்தோம். குழந்தைங்களோட போறவங்க அங்க சொல்ற நேரக் கட்டுப்பாட்டை மதிங்க, முன்னாடி ஓட விடாதீங்க, கையைப் பிடிச்சுக்கோங்க.

படி 8: சுவரோட துண்டுகளைத் தேடி பூண்டிக்கு

சுவர் பின்னாடி நகர்ந்துக்கிட்டே இருக்குன்னு சொன்னேன்ல, அப்போ விழுந்ததெல்லாம் எங்க போச்சு? பழைய ஆறுகள் உருட்டிக்கிட்டு கிழக்கே வந்து கொட்டிச்சு. 10 கோடி வருஷத்துக்கும் முன்னாடி, டைனோசர் காலத்துல கொட்டின அந்தக் கூழாங்கல்லெல்லாம் ஒட்டி இறுகினதுதான் சத்தியவேடு, அல்லிக்குழி மலைகள். திருவள்ளூர் போய் பூண்டி பஸ் பிடிச்சா அதோட காலடிக்கே போயிடலாம்.

முதல்ல பூண்டியில தொல்லியல் துறையோட அருங்காட்சியகம், சின்னதுதான், ஒரு மணி நேரம் போதும். அங்க இருக்கிற கைக்கோடாலிகளை உத்துப் பாருங்க. 1863 மே மாசம் ஜியாலஜிக்கல் சர்வேல வேலை பார்த்த ராபர்ட் புரூஸ் ஃபூட் பல்லாவரத்துல ஒரு சரளைக் குழியில இந்தியாவோட முதல் பழைய கற்காலக் கருவியை எடுத்தாரு, அதே வருஷம் செப்டம்பர்ல வில்லியம் கிங்கோட சேர்ந்து பூண்டி பக்கத்துல அதிரம்பாக்கத்தைக் கண்டுபிடிச்சாரு. தொல்லியல் ஆய்வாளர் சாந்தி பப்பு குழுவோட ஆராய்ச்சிப்படி அதிரம்பாக்கத்துல ஆதி மனுஷங்க கருவி செஞ்சது 15 லட்சம் வருஷத்துக்கு முன்னாடி, 2011-ல இது வெளியாச்சு. அந்தக் கருவிகள்ல பெரும்பாலானது எந்தக் கல் தெரியுமா? குவார்ட்சைட். பல்லாவரத்துல எடுத்ததும் குவார்ட்சைட்தான், இத்தனைக்கும் பல்லாவரம் முழுக்க சார்னோக்கைட். பரல் பரலா இருக்கிற சார்னோக்கைட்டை அடிச்சா நொறுங்கும். குவார்ட்சைட்டை அடிச்சா பரலை ஊடுருவி சிப்பி மாதிரி வழவழன்னு சீவிக்கிட்டு வரும், ஓரம் கத்தி. இந்த வித்தியாசத்தை அவங்க கையாலேயே கண்டுபிடிச்சிருக்காங்க.

அங்க இருந்து குடியம் குகை. ரிசர்வ் காட்டுக்குள்ள மணிக்கணக்கா நடை, முள்ளு, சரளை, அனுமதி கேட்டுட்டு உள்ளூர் ஆள் ஒருத்தரைக் கூட்டிட்டுத்தான் போகணும், அவர் கேக்கிற கூலியை பேரம் பேசாம குடுங்க. குகைன்னா உள்ள போற பொந்து இல்ல, மலையோட நெத்தி முன்னாடி நீட்டிக்கிட்டு நிக்க அடியில பெரிய கூடம். கெட்டியான அடுக்கு மேல, இளகின அடுக்கு கீழ, நீங்க இப்போ சொல்லாமலே கண்டுபிடிச்சுடுவீங்க. உள்ள சின்னதா ஒரு அம்மன், செருப்பை வெளிய விட்டுடுங்க.

கூடத்துல நின்னு தலையைத் தூக்கிப் பாருங்க. கூரை முழுக்க முட்டை முட்டையா கூழாங்கல், சிலது தேங்காய் அளவு, சிலது பூசணி அளவு. ஒரு உடைஞ்ச கல்லுல லென்ஸ் வெச்சா இளஞ்சிவப்பு, பரலும் பசையும் ஒண்ணானது. போன வாரம் காட் ரோட்டுல கோட்டுக்கு மேல பார்த்த அதே கல். பொறுமையா தேடினா ஏதாவது ஒண்ணுல அந்தப் பழைய கடற்கரையோட அடுக்குக் கோடு கூட ஓடும். கீழ விழுந்து கிடக்கிறதுல ஒண்ணை கையில எடுத்து எடை பாருங்க, பார்த்துட்டு எடுத்த இடத்துலயே வெச்சுடுங்க. கூரையில தேனடை இருந்தா சத்தம் போடாதீங்க, புகை பிடிக்காதீங்க. மூணு மணிக்குத் திரும்பினாத்தான் இருட்டறதுக்குள்ள ஊர் ரோட்டுக்கு வந்து திருவள்ளூர் பஸ்ஸைப் பிடிக்க முடியும்.